தண்ணீருக்கு முன் என்ன இருந்தது?



சென்ற வாரம் தரம் 11 வகுப்பில் பாடத்தை விட்டுச் சற்று விலகிக் கிரேக்கர்களைப் பற்றிப் பேச நேர்ந்தது. எல்லாம் தண்ணீரில் இருந்துதான் வந்தது என்று தேல்ஸ் என்ற ஒருவர் சொன்னார் என்று நாம் சொல்லி வாய் மூடவில்லை, பின்வரிசையில் இருந்து ஒரு குரல்: "அப்ப தண்ணி எங்க இருந்து வந்த சேர்?" வகுப்பே சிரித்தது. நமக்குச் சிரிப்பு வரவில்லை. தேல்ஸின் ஊரிலேயே, அவருக்கு அடுத்த தலைமுறையில் எழுந்த கேள்வி அது.

அன்று மாலை பள்ளிவாசல் முற்றத்தில் ஒரு தந்தை நம்மை நிறுத்தினார். "பிள்ளைகளுக்கு இதெல்லாம் என்னத்துக்கு சேர்? ஈமானைக் குழப்பாதா?" கோபமாகக் கேட்கவில்லை, கவலையோடுதான் கேட்டார். இருவருக்கும் சேர்த்தே இந்தப் பதிவை எழுதுகிறோம். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்றைய துருக்கியின் மேற்குக் கரையில் மிலேட்டஸ் என்ற துறைமுகம் இருந்தது. எகிப்துக்கும் கருங்கடலுக்கும் கப்பல் விட்ட பணக்கார ஊர். (ஆற்று வண்டல் கடலைத் தள்ளிக்கொண்டே போய்விட்டது, இடிபாடுகள் இப்போது கரையில் இருந்து சில கிலோமீற்றர் உள்ளே கிடக்கின்றன.) உலகம் எப்படி வந்தது என்று அந்தக் காலத்துக் கிரேக்கனைக் கேட்டிருந்தால் ஹெசியட் என்ற புலவர் பாடியதைச் சொல்லியிருப்பான். முதலில் கேயாஸ் என்ற வெறும் பிளவு, பிறகு பூமித் தாய், அதன்பின் தெய்வங்களின் பிறப்புகள், சண்டைகள், மகன் தந்தையை வீழ்த்திய கதைகள். ஒரு குடும்பத் தகராறு போலத்தான் இருக்கும்.

கி.மு. 6ஆம் நூற்றாண்டில் தேல்ஸ் இந்தக் கதைகளை விட்டுவிட்டு வேறு விதமாகக் கேட்டார்: எல்லாவற்றுக்கும் அடியில் உள்ள பொருள் எது? அவருடைய பதில் நீர். பூமி நீரின் மேல் மிதக்கிறது என்றும் சொன்னார். அவர் எழுதிய ஒரு வரிகூட நம் கைக்கு வரவில்லை. 200 வருடங்களுக்கும் மேல் கழித்து அரிஸ்டோட்டில் எழுதி வைத்ததைக் கொண்டுதான் பேசுகிறோம். உணவும் வித்தும் ஈரமாக இருப்பதைப் பார்த்து அப்படி நினைத்திருக்கலாம் என்பதும் அரிஸ்டோட்டிலின் ஊகம்தான்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். தேல்ஸ் சொன்னதும் அல்குர்ஆன் சொல்வதும் ஒன்றுதான் என்று வட்ஸ்அப்பில் அடிக்கடி ஒரு செய்தி சுற்றுகிறது. நாம் அதை ஏற்பதில்லை. உயிருள்ளவற்றை அல்லாஹ் நீரில் இருந்து படைத்ததைப் பற்றித்தான் ஆயத் பேசுகிறது. தேல்ஸோ கல், நெருப்பு உட்பட எல்லாவற்றுக்கும் நீரே மூலம் என்றார். எல்லாவற்றிலும் தெய்வங்கள் நிறைந்திருக்கின்றன என்றும் சொன்னதாகப் பதிவு இருக்கிறது. இரண்டையும் ஒட்டவைத்தால் இரண்டுமே விளங்காமல் போகும்.

அதே ஊரின் அனக்சிமாண்டர் நம் பின்வரிசைப் பிள்ளையைப் போன்றவர். நீர்தான் மூலம் என்றால் அதற்கு எதிரான நெருப்பு எப்படி வந்தது? ஒன்று மட்டும் எல்லையில்லாமல் இருந்தால் மற்றவற்றை அழித்துவிடாதா? ஆகவே மூலம் நீருமில்லை, நெருப்புமில்லை. எல்லையும் அடையாளமும் இல்லாத ஒன்று, அதற்கு 'அபெய்ரோன்' என்று பெயர் வைத்தார். அதில் இருந்து சூடும் குளிரும் பிரிந்து உலகம் உருவாயிற்று என்றார். பூமி ஒரு மேளம் போல, எதன் மேலும் தங்காமல், எல்லாப் பக்கமும் சம தூரத்தில் இருப்பதால் விழாமல் நிற்கிறது என்றும் சொன்னார். பூமிக்குக் கீழே யானையோ கடலோ வேண்டாம் என்று அந்தக் காலத்தில் ஒரு மனிதன் துணிந்து சொன்னான் என்பதை நினைத்துப் பாருங்கள். மேள வடிவம் பிழைதான். ஆனால் தாங்குவதற்கு ஒன்றும் தேவையில்லை என்பது பிழையில்லை.

மூன்றாமவர் அனக்சிமெனிஸ். அவருக்கு மூலம் வளி. வளி நெருங்கினால் காற்று, முகில், நீர், மண், கல், ஐதானால் நெருப்பு. பிள்ளைகளை உள்ளங்கையை வாய்க்கு நேரே பிடிக்கச் சொன்னோம். உதட்டைக் குவித்து ஊதினால் குளிர்கிறது, வாயைத் திறந்து ஊதினால் சுடுகிறது. அவர் தன் கருத்துக்கு இதைத்தான் சாட்சியாகக் காட்டினார். அவர் சொன்ன காரணம் சரியில்லை. குவித்து ஊதும்போது சுற்றியுள்ள குளிர்ந்த வளியும் சேர்ந்து வருவதால்தான் குளிர்கிறது. என்றாலும் உலகத்தின் தோற்றத்தைப் பற்றிப் பேசிய மனிதர் சாட்சிக்குத் தன் வாயையும் கையையும் கூப்பிட்டாரே, அதற்காகவே அவரை நமக்குப் பிடிக்கும்.

பிறகு வந்தவர்கள் பலர். ஹெராக்ளிட்டஸ் உலகம் என்றும் அணையாத நெருப்பு என்றார். இல்லாததில் இருந்து எதுவும் வர முடியாது என்று பார்மெனிடிஸ் கறாராக வாதிட்டார். எம்பிடோக்ளிஸ் மண், நீர், காற்று, நெருப்பு என நான்கு வேர்களைச் சொன்னார். டெமோக்ரிட்டஸ் அணுவும் வெற்றிடமும்தான், எண்ணற்ற உலகங்கள் தோன்றி அழிகின்றன என்றார்.

இவர்களில் அனக்சகோரஸின் கதை வேறு. எல்லாம் கலந்து கிடந்த நிலையில் 'நூஸ்', அதாவது பேரறிவு, ஒரு சுழற்சியைத் தொடக்கிவைத்தது என்றார். ஏதென்ஸுக்கு வந்து பெரிகிளிஸுக்கு நண்பரானார். சூரியன் தெய்வமல்ல, பழுக்கக் காய்ந்த கல். சந்திரனின் ஒளி சூரியனுடையது என்றும் சொன்னார். தெய்வ நிந்தனை என்று அவர் மேல் வழக்குப் போட்டார்கள். ஏதென்ஸை விட்டு லாம்ப்சாகஸ் ஊருக்குப் போய், அங்கேயே மௌத்தானார். சூரியனை வணங்காத நமக்கு இதில் எவர் பக்கம் நிற்பது என்பதில் குழப்பம் வரக்கூடாது.

அடுத்து பிளேட்டோ. உலகத்தை ஒரு கைவினைஞன் ஒழுங்குபடுத்தினான் என்று 'திமேயஸ்' நூலில் எழுதினார். ஆனால் அந்தக் கைவினைஞன் இல்லாமையில் இருந்து படைக்கவில்லை, முன்பே குழம்பிக் கிடந்ததை ஒழுங்காக்கினான். அவருடைய மாணவர் அரிஸ்டோட்டில் இன்னும் ஒரு படி போய், உலகத்துக்குத் தொடக்கமே இல்லை, என்றும் இப்படியேதான் இருந்தது என்றார்.

அந்தத் தந்தையின் கவலை இங்கேதான் வந்து நிற்கிறது, அது நியாயமானதும்கூட. ஆனால் அதைப் பற்றி முதலில் கவலைப்பட்டவர்கள் நாம் அல்ல. பக்தாதில் இந்த நூல்கள் அரபுக்கு வந்தபோது நம் முன்னோர் அவற்றை மூடி வைக்கவில்லை. அல்கிந்தி தத்துவத்தைப் படித்துக்கொண்டே உலகத்துக்குத் தொடக்கம் உண்டு என்று வாதிட்டார். இப்னு சீனா அரிஸ்டோட்டிலின் பக்கம் சாய்ந்தார். இமாம் கஸ்ஸாலி 1095இல் 'தஹாஃபுதுல் ஃபலாஸிஃபா'வை எழுதியபோது முதல் பிரச்சினையாக எடுத்ததே இதைத்தான். அந்த நூலின் முன்னுரையில் அவர் வேறொன்றையும் சொல்கிறார்: சூரிய, சந்திர கிரகணங்களுக்கு வானியலாளர் சொல்லும் காரணம் கணக்கால் நிறுவப்பட்டது, அதை மறுப்பது மார்க்கக் கடமை என்று நினைப்பவர் மார்க்கத்துக்கே கேடு செய்கிறார். (கி.மு. 585இன் சூரிய கிரகணத்தைத் தேல்ஸ் முன்கூட்டியே சொன்னார் என்று ஹெரோடோட்டஸ் எழுதியிருக்கிறார்.)

கஸ்ஸாலியின் வாதங்களில் ஒன்று கணக்கு. சூரியன் ஒரு வருடத்தில் ஒரு சுற்று. சனி 30 வருடத்தில் ஒரு சுற்று. உலகத்துக்குத் தொடக்கமே இல்லை என்றால் இரண்டின் சுற்றுகளும் முடிவில்லாதவை. அப்படியானால் ஒன்று மற்றதைப் போல 30 மடங்கு என்பது எப்படி? இதை ஒத்த வாதத்தை 529இல் அலெக்சாந்திரியாவின் கிறிஸ்தவ அறிஞர் யஹ்யா அந்நஹ்வி எழுதியிருந்தார். அவருடைய நூலும் அரபுக்கு வந்திருந்தது. கஸ்ஸாலிக்கு சுமார் 85 வருடங்களுக்குப் பின் அந்தலூஸில் இருந்து இப்னு ருஷ்த் பதில் எழுதினார்: தொடக்கமும் முடிவும் இல்லாததற்கு மொத்தம் என்ற ஒன்றே இல்லை, பிறகு எதை எதோடு ஒப்பிடுவது? இருவரும் முஸ்லிம்கள், இருவரும் ஃபிக்ஹு அறிஞர்கள்.

இதை அந்தத் தந்தையிடம் சொன்னோம். கஸ்ஸாலியின் பெயரைக் கேட்டதும் இன்னும் கொஞ்ச நேரம் நின்று கேட்டார். வகுப்பில் சனியின் கணக்கைக் கரும்பலகையில் எழுதிக் காட்டினோம். பின்வரிசையில் இருந்து அடுத்த கேள்வி: "முடிவிலியை முப்பதால பிரிச்சா என்ன சேர் வரும்?" கணித ஆசிரியரிடம் அனுப்பி வைத்திருக்கிறோம்.