மறப்பதற்கு ஓர் அனுமதி

1945 ஆகஸ்ட் 15 அன்று ஜப்பானியப் பேரரசரின் குரல் வானொலியில் ஒலித்தது. போர் முடிந்தது என்று வரலாற்று நூல்களில் படிக்கிறோம். ஆனால், திரும்பி வராத கணவனுக்காகக் காத்திருந்த ஒரு பெண்ணுக்குப் போர் என்றைக்கு முடிந்தது? அவள் மீண்டும் ஒருவரை நேசிக்கலாம் என்று யார் சொல்வது?

முதலில் சொன்னது சட்டம். 1898ஆம் ஆண்டின் குடிமைச் சட்டத்தின் கீழ் ஜப்பானியர் ஒவ்வொருவரும் 'இஎ' எனும் குடும்ப அமைப்புக்குள் அடக்கம். திருமணத்துக்குக் குடும்பத் தலைவரின் ஒப்புதல் தேவை. 1946இல், நேசநாடுகளின் தலைமையகத்தில் பணியாற்றிய 22 வயது பியாட்டே சிரோட்டா, தாம் வளர்ந்த ஜப்பானின் பெண்களை மனத்தில் கொண்டு சில உரிமைப் பிரிவுகளை வரைந்தார். அவற்றிலிருந்து உருவானதே அரசியலமைப்பின் 24ஆம் பிரிவு: இருவரின் சம்மதம் மட்டுமே திருமணத்துக்கு அடிப்படை. 1947 மே 3 அன்று அது நடைமுறைக்கு வந்தது. 1948 முதல் 'இஎ' சட்டத்திலிருந்து மறைந்தது.

மனங்களிலிருந்து அது அத்தனை விரைவில் மறையவில்லை. 1952இல் தொடங்கிய 'கிமி நோ நா வா' என்னும் வானொலி நாடகத்தில், டோக்கியோ குண்டுவீச்சின்போது சந்தித்த இருவர் மறுபடி ஒரு பாலத்தில் சந்திப்பதாக உறுதி கூறிப் பிரிகிறார்கள். காலம் அவர்களைச் சேரவிடாமல் அலைக்கழிக்கிறது. அது ஒலிபரப்பாகும் வேளையில் பொதுக் குளியலகங்களின் பெண்கள் பகுதி வெறிச்சோடும் என்றொரு கதை இன்றும் வழங்குகிறது. கதை மிகையாகவே இருக்கட்டும். அந்த ஏக்கம் மிகையன்று.

சட்டத்தால் எட்ட முடியாத இடத்தை 1953இல் யசுஜிரோ ஓசுவின் 'டோக்கியோ ஸ்டோரி' தொட்டது. போரில் கணவனை இழந்த நொரிகோவிடம், மகனை மறந்து மறுமணம் செய்துகொள்ளும்படி மாமியார் வேண்டுகிறார். அவர் இறந்த பின் மாமனாரும் அதையே சொல்கிறார். கணவனை நினைக்காத நாட்களும் தனக்கு உண்டு என்று நொரிகோ குற்றவுணர்வோடு ஒப்புக்கொள்கிறாள். மாமனார் அவளைக் கடியவில்லை. மறைந்த மனைவியின் கடிகாரத்தை அவளிடம் தருகிறார். நின்றுபோன அவளது காலத்தை அவர் ஓடவிடுவதாகவே நமக்குத் தோன்றுகிறது.

1959இல் பட்டத்து இளவரசர் அகிஹிதோ, டென்னிஸ் ஆடுகளத்தில் சந்தித்த சாமானியக் குடும்பத்துப் பெண்ணை மணந்தார். 1960களின் பிற்பகுதியில் காதல் மணங்கள் பெரியோர் பேசி முடித்த மணங்களை எண்ணிக்கையில் விஞ்சின. சட்டம் பிறந்து ஏறத்தாழ 20 ஆண்டுகள்! நொரிகோக்களின் இளமையும் அந்த ஆண்டுகளில்தான் கரைந்தது என்பதை நாம் மறக்கலாகாது.