முகத்துவாரம் திறந்தால்தான் மற்றதெல்லாம்: பழவேற்காட்டு ஏரியில் இயற்கை வழிக் கழிவுநீர்ச் சுத்திகரிப்பின் வரலாறு

பழவேற்காட்டு ஏரியைப் பற்றிய எழுத்துகளில் பூநாரைகள் உண்டு, 1613இல் டச்சுக்காரர்கள் கட்டிய கெல்டிரியா கோட்டை உண்டு, மீனவர்களின் வறுமையும் உண்டு. தன்னிடம் வந்து சேரும் கழிவை ஏரி எப்படிச் செரித்தது, அந்தத் திறன் எந்தக் காலத்தில் எதனால் குறைந்தது என்ற கேள்வி அரிதாகவே எழுப்பப்படுகிறது. சதுப்பு, கண்டல் காடு, சிப்பிப் படுகை ஆகியவற்றைக் கொண்டு கழிவுநீரைத் தூய்மையாக்குவதும் கடலோர மண்ணைக் காப்பதும் இன்று உலகெங்கும் பேசப்படும் முறை. அந்த முறை பழவேற்காட்டில் இயல்பாக நடந்துவந்ததையும், அது சிதைந்த வரிசையையும், மீட்பு எங்கே தொடங்க வேண்டும் என்பதையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

ஏரி செரிக்கும் விதம்

சிலிகாவுக்கு அடுத்து இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி இது. பெரும்பகுதி ஆந்திரத்தில் இருக்கிறது. தெற்குப் பகுதி திருவள்ளூர் மாவட்டம் பொன்னேரி வட்டத்தில் உள்ளது. வடக்கில் சுவர்ணமுகியும் காளங்கியும், தெற்கில் ஆரணி ஆறும் நன்னீர் கொண்டுவருகின்றன. சராசரி ஆழம் சுமார் 1 மீட்டர்தான். இத்தனை ஆழமற்ற நீரில் வெயில் அடிவரை இறங்கும், காற்று நீரைக் கலக்கிக்கொண்டே இருக்கும், நுண்பாசி செழிக்கும். ஆறுகளில் வரும் வயல் உரமும் ஊர்ச் சாக்கடையும் பாசிக்கு உணவாகும். பாசி சிப்பிக்கும் மடவைக்கும் உணவாகும்.

பெரிய வேலை சேற்றில் நடக்கிறது. சேற்றின் மேல்தோலில் ஆக்சிஜன் உண்டு. விரற்கடை ஆழத்துக்குக் கீழே கிடையாது. கழிவிலுள்ள அமோனியா மேலடுக்கில் நைட்ரேட்டாகிறது. கீழடுக்கில் பாக்டீரியாக்கள் அதை நைட்ரஜன் வாயுவாக்கிக் காற்றுக்குத் திருப்பி அனுப்புகின்றன. சல்பேட்டைக் கொண்டு வாழும் வேறு சில பாக்டீரியாக்கள் ஈயம், செம்பு போன்றவற்றைக் கரையாத சல்பைடாக்கிச் சேற்றிலேயே பூட்டிவைக்கின்றன. கண்டல் வேர்கள் நீரின் வேகத்தைத் தணித்து வண்டலைப் படியவைத்துக் கரையைப் பிடித்து நிறுத்துகின்றன. காசு செலவில்லாத சுத்திகரிப்பு நிலையம் என்று இதைச் சொல்ல ஆசை வரும். சொல்லக் கூடாது, காரணம் பின்னால் வருகிறது.

இத்தனையும் ஓதத்தை நம்பியே நடக்கின்றன. சென்னைக் கடலோரத்தில் பெரிய ஓத நாள்களில்கூட ஏற்றவற்றம் 1 மீட்டரைச் சுற்றியே இருக்கும். அந்தச் சிறு ஓதமும் ஏரிக்குள் வர முகத்துவாரம் திறந்திருக்க வேண்டும். மணல் சேர்ந்து அது மூடினால் கோடையில் நீர் வற்றி உப்பேறுகிறது, கழிவு தேங்குகிறது, கடலிலிருந்து இறால் குஞ்சு உள்ளே வருவதில்லை.

பாடும் கால்வாயும்

ஏரியின் பயன்பாட்டை ஒழுங்குபடுத்த மீனவர்களிடம் பழைய ஏற்பாடு ஒன்று உண்டு. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுவூர் மாதாகுப்பம் ஆகிய ஊர்களின் குடும்பங்கள் முகத்துவாரத்தை ஒட்டிய இறால் இடங்களில் முறைவைத்து வலை கட்டும் உரிமையே பாடு. யார், எங்கே, எந்த நாள் என்பதை ஊர் தீர்மானிக்கும். பாட்டு உரிமை இல்லாதவர்களை, குறிப்பாகக் கையால் இறால் தடவிப் பிடிக்கும் இருளர்களை, இது ஒதுக்கியது என்ற குறை நியாயமானது. ஆனால் வேறொரு குறையும் இதில் உண்டு. பாடு மீன்பிடிக்கும் இடத்தைப் பங்கிட்டது. நீரின் தரத்தின் மேல் ஊருக்கு எந்த அதிகாரத்தையும் அது தரவில்லை. தரவும் முடியாது. கெடுப்பவை ஊருக்கு வெளியிலிருந்து வந்தன.

முதலில் வந்தது கால்வாய். 1806இல் காக்ரேன் கால்வாயாகச் சென்னையிலிருந்து எண்ணூர் நோக்கி வெட்டத் தொடங்கியது பழவேற்காட்டுக்கும் அப்பால் நீண்டு, பின்னர் ஆளுநர் பக்கிங்காம் பிரபுவின் பெயரைப் பெற்றது. ஸ்ரீஹரிகோட்டாவின் விறகும், ஏரிக்கரைக் கிளிஞ்சலிலிருந்து வரும் சுண்ணாம்பும் பட்டணத்துக்குப் போயின. கண்டல் வெட்டப்பட்டது, கிளிஞ்சலுக்காகச் சிப்பிப் படுகைகள் தோண்டப்பட்டன. சென்னையின் வீடுகளை வெளுக்க வைத்த சுண்ணாம்பில் இந்த ஏரியின் வடிகட்டியும் கலந்திருக்கிறது. வடக்கே ஸ்ரீஹரிகோட்டாவுக்குப் போகும் சாலை ஏரியைக் குறுக்கே பிரித்து நீரோட்டத்தை மேலும் சுருக்கியது.

இறாலும் தீர்ப்பும்

1990களின் தொடக்கத்தில் புலி இறால் பண்ணைகள் கடலோரம் முழுவதும் பரவின. தீனி மிச்சமும் இறாலின் கழிவும் கலந்த குளத்து நீர் அப்படியே உப்பங்கழிகளில் விடப்பட்டது. மண்ணுக்கு நேர்ந்த கேடு இதைவிட ஆழமானது. கண்டல் நிலத்துச் சேற்றில் இரும்பும் கந்தகமும் சேர்ந்த பைரைட் உண்டு. நீருக்கடியில் இருக்கும்வரை அது சாது. குளம் தோண்டி வெயிலில் காயவிட்டால் காற்றுப் பட்டுக் கந்தக அமிலம் உண்டாகும். அப்படிப்பட்ட நிலம் சுண்ணாம்பு கொட்டினாலும் எளிதில் தேறாது. பக்கத்து வயலிலும் கிணற்றிலும் உப்பேறியது தனிக் கணக்கு.

சர்வோதயத் தலைவர் எஸ். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 டிசம்பர் 11இல் தீர்ப்பளித்தது. சிலிகா, பழவேற்காடு ஏரிகளிலிருந்து 1000 மீட்டருக்குள் இறால் பண்ணை அமைக்கக் கூடாது என்று பெயர் குறிப்பிட்டே சொன்ன தீர்ப்பு அது. 2005இல் வந்த கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் தடையிலிருந்து ஒழுங்குமுறைக்கு நகர்ந்தது. இதன் வழிகாட்டுதலில் இயற்கை வழிச் சுத்திகரிப்பு அரசு மொழியில் இடம்பெற்றது: பெரிய பண்ணைகள் பரப்பில் சுமார் 10 விழுக்காட்டை ஒதுக்கி, வண்டல் படியும் குளம், சிப்பியும் கடற்பாசியும் வளரும் குளம், காற்றூட்டும் குளம் என்று நீரைக் கடத்தி வெளியே விட வேண்டும்.

கருத்து நல்லது. அளவுதான் இடிக்கிறது. ராபர்ட்சன், பிலிப்ஸ் என்ற இரு ஆய்வாளர்கள் 1995இல் கணக்கிட்டபடி, 1 ஹெக்டேர் இறால் குளத்தின் நைட்ரஜனையும் பாஸ்பரசையும் உறிஞ்ச, வளர்ப்பின் தீவிரத்தைப் பொறுத்து 2 முதல் 22 ஹெக்டேர் கண்டல் காடு வேண்டும். வண்டலைப் பிடிக்கப் பத்தில் ஒரு பங்கு உதவலாம். கரைந்திருக்கும் சத்துகளுக்கு அது போதாது. மேலும் இந்தியாவின் இறால் பண்ணைகளில் மிகப் பெரும்பான்மை 2 ஹெக்டேருக்கும் குறைந்தவை. பெரிய பண்ணைக்கான விதி அவற்றைத் தொடுவதேயில்லை.

இயற்கையின் எல்லை

கொல்கத்தாவின் கிழக்குச் சதுப்பு நிலம் பெருநகரின் சாக்கடையை மீனாகவும் காய்கறியாகவும் மாற்றுகிறது. துருவஜோதி கோஷ் அதை உலகுக்கு எடுத்துக்காட்டினார். 2002இல் அது ராம்சர் தலமானது. அங்கே வருவது பெரும்பாலும் மனிதக் கழிவு, அதாவது மக்கும் பொருள். பழவேற்காட்டின் தெற்கு அண்டையான எண்ணூரில் கதை வேறு. அனல்மின் நிலையங்களின் சாம்பல் கொசஸ்தலை ஆற்றுக் கழிமுகத்தில் படிந்திருக்கிறது. உப்பங்கழியும் கால்வாயும் இந்தக் கழிமுகத்தையும் பழவேற்காட்டு ஏரியையும் இணைக்கின்றன. சாம்பலை எந்தப் பாக்டீரியாவும் தின்னாது. சிப்பி அதிலுள்ள உலோகத்தைத் தன் உடலில் சேர்த்துக்கொள்ளும். அந்தச் சிப்பியை நண்டு தின்னும், நண்டை நாம் தின்போம். ஏரியைச் சுத்திகரிப்பு நிலையம் என்று அழைக்கக் கூடாது என்றது இதனால்தான். அந்தப் பெயர் ஆலைகளுக்கு அனுமதிச் சீட்டாகிவிடும்.

மீட்பின் வரிசை

பழவேற்காட்டில் கண்டல் நடும் முயற்சிகள் நடந்திருக்கின்றன. நாற்று நடுவது புகைப்படத்துக்கு நன்றாக இருக்கும். ஆனால் பிச்சாவரக் கண்டல் காடு கற்பித்த பாடம் வேறு. ஆங்கிலேயர் காலத்தில் கூறுகூறாக வெட்டப்பட்ட இடங்களில் மண் தாழ்ந்து, நீர் தேங்கி, உப்பு மிகுந்து கண்டல் முளைக்காமல் போனது. எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் ஊர்மக்களும் சேர்ந்து மீன்முள் வடிவில் வாய்க்கால் வெட்டி ஓதநீரை உள்ளே விட்ட பிறகே காடு திரும்பியது. முதலில் நீர், பிறகு நாற்று.

சிலிகா இதே பாடத்தைப் பேரளவில் காட்டியது. அங்கே 2000 செப்டம்பரில் புதிய முகத்துவாரம் வெட்டப்பட்டது. உவர்ப்பும் மீன்வளமும் மீண்டன. ஆபத்திலுள்ள ராம்சர் தலங்களின் மாண்ட்ரோ பட்டியலிலிருந்து 2002இல் சிலிகா நீக்கப்பட்டது. அந்த ஏரிக்கென்று தனி ஆணையமும் உண்டு. இரு மாநிலங்களுக்கு நடுவே கிடக்கும் பழவேற்காட்டுக்கு அப்படி ஒரு பொது ஆணையம் இல்லை.

இங்கே மணல் மூடியபோதெல்லாம் மீனவர்களே பணம் திரட்டி முகத்துவாரத்தை வெட்டித் திறந்ததுண்டு. இப்போது அதை நிலையாக வைக்க நேர்கல் சுவர் கட்டும் திட்டம் அரசால் எடுக்கப்பட்டிருக்கிறது. கல் கட்டினால் வடக்கே கரை அரிக்கும் என்பதைச் சென்னைத் துறைமுகம் கட்டிய பிறகு ராயபுரம் கண்டது. சுவர் கட்டுவோர் வடக்கிலுள்ள குப்பங்களின் கரையை ஆண்டுதோறும் அளந்து அறிவிக்கட்டும். ஏரியில் கலக்கும் நீரின் தர அளவுகளைப் பாட்டு ஊர்களின் கூட்டத்திலும் இருளர் குடியிருப்புகளிலும் தமிழில் வைக்கட்டும். சாம்பல் மூலத்திலேயே தடுக்கப்பட வேண்டும். இந்த மூன்றும் நடக்காமல் ஒதுக்கப்படும் கண்டல் நடவுப் பணம் வீண் செலவு.