கடந்து வந்தவர்களின் பெயர்கள்



சென்ற மாத நிகழ்ச்சியில் ஒரு தாயார் தொலைபேசியில் இணைந்து, "பள்ளிக்கூடத்திலை என்ரை மகன்ரை பேரை ஒருத்தரும் சரியாச் சொல்லுகினமில்லை அண்ணை. இந்த நாட்டுப் பேராய் மாத்தி விடட்டோ?" என்று கேட்டார். நேரம் போதாததால் அன்று விரிவாகப் பதில் சொல்ல முடியவில்லை. நாடிழந்து அலைந்த ஓர் இனம் தன் பெயர்களை என்ன செய்தது என்று பார்த்தால் இதற்கு ஒரு வெளிச்சம் கிடைக்கும் என்பதால், இம்மாதம் எபிரேயர்களின் பெயர்களை எடுத்துக்கொள்கிறேன்.

ஒரே மக்களுக்கு எபிரேயர், இஸ்ரவேலர், யூதர் என மூன்று பெயர்கள் உண்டு. மூன்றும் மூன்று காலத்துக் கதைகள்.

எபிரேயர் என்பதன் மூலச்சொல் 'இவ்ரி'. அம்மொழியில் இதே வேரிலிருந்து வரும் வினைக்குக் 'கடத்தல்', 'அக்கரைக்குப் போதல்' என்று பொருள். வேதாகமத்தின் ஆதியாகமத்தில் ஆபிரகாம் இப்பெயரால் அழைக்கப்படுகிறார். பழைய கிரேக்க மொழிபெயர்ப்பாளர்கள் அந்த இடத்தில் 'கடந்து வந்தவன்' என்றே எழுதினர். ஐபிராத்து நதிக்கு அப்பாலிருந்து கானான் தேசத்துக்கு வந்தவர் என்பது விளக்கம். ஏபேர் என்ற முன்னோரின் பெயரிலிருந்து வந்தது என்பாரும் உளர். எகிப்தின் அமர்னாவில் 1887 இல் கண்டெடுக்கப்பட்ட களிமண் கடிதங்களில் 'ஹபிரு' என்றொரு கூட்டம் வருகிறது. நிலமில்லாதவர், கூலிப்படையினர், ஊரைவிட்டு ஓடியவர் ஆகியோருக்கு அக்காலத்தில் வழங்கிய சொல் அது. இவ்ரியும் ஹபிருவும் ஒன்றா என்பதில் அறிஞரிடையே இன்றும் கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். வேதாகமத்தில் இப்பெயர் பெரும்பாலும் அந்நியர் இவர்களைக் குறிப்பிடும்போதோ, இவர்கள் அந்நியரிடம் தம்மை அறிமுகம் செய்யும்போதோதான் வருகிறது. கப்பலில் மாலுமிகள் 'நீ யார்' என்று கேட்கும்போது யோனா சொல்லும் பெயரும் இதுவே.

இஸ்ரவேல் என்பது தங்களுக்குள்ளே வழங்கிய பெயர். இரவு முழுவதும் போராடிய யாக்கோபுக்கு இப்பெயர் கிடைத்தது என்பது வேதாகமக் கதை. 'ஏல்' என்றால் கடவுள். தானியேல், சாமுவேல், காபிரியேல் என்ற பெயர்களின் முடிவிலும் இருப்பது அதுவே. வேதாகமத்துக்கு வெளியே இப்பெயரின் மிகப் பழைய சான்றாகப் பெரும்பாலானோர் கொள்வது, எகிப்திய மன்னன் மெர்னெப்தாவின் கல்வெட்டு. கி.மு. 1208 அளவில் வெட்டப்பட்ட அதனை 1896 இல் பிளின்டர்ஸ் பெற்றி கண்டெடுத்தார். அக்கல்வெட்டு இஸ்ரவேலை ஒரு நாடாக அல்ல, ஒரு மக்கள் கூட்டமாகவே குறிக்கிறது. அவர்களுடைய வித்தே அழிந்துவிட்டதாக மன்னன் பெருமைப்படுகிறான். அழித்துவிட்டேன் என்றவனின் கல்லே இன்று அவர்கள் இருந்ததற்குச் சாட்சி!

மூன்றாவது பெயர் யூதர். யாக்கோபின் மகன் யூதாவின் பெயர் இது. துதித்தல், நன்றி கூறல் என்ற பொருளோடு வேதாகமம் இதனைத் தொடர்புபடுத்துகிறது. கி.மு. 722 அளவில் வடக்கே இருந்த இஸ்ரவேல் அரசை அசீரியர் அழித்தனர். எஞ்சிய யூதா அரசைக் கி.மு. 586 அளவில் பாபிலோனியர் வீழ்த்தி, மக்களில் பலரைச் சிறைபிடித்துச் சென்றனர். அதன் பின்னர் ஊர்ப்பெயரே இனப்பெயராயிற்று. எஸ்தர் நூலில் வரும் மொர்தெகாய் பென்யமீன் கோத்திரத்தவர். ஆயினும் அவர் யூதர் என்றே அழைக்கப்படுகிறார். ஊரை இழந்த பிறகுதான் ஊரின் பெயர் எல்லோருக்கும் பொதுவாயிற்று.

இனி அந்தத் தாயாரின் கேள்விக்கு வருவோம். மொர்தெகாய் என்பது பாபிலோனியரின் மர்துக் தெய்வத்தின் பெயரிலிருந்து வந்தது. எஸ்தருக்கு அதசாள் என்ற எபிரேயப் பெயரும் இருந்தது. தானியேலுக்குப் பாபிலோன் அரண்மனையில் பெல்தெஷாத்சார் என்று வேறு பெயர் இட்டார்கள். மோசே என்ற பெயரே எகிப்தியப் பெயர் என்பது பல அறிஞர்களின் கருத்து. 'பிறந்தவன்', 'பிள்ளை' என்று பொருள்படும் அச்சொல் துத்மோசே போன்ற எகிப்திய மன்னர்களின் பெயரிலும் உண்டு. ஆனால் எபிரேயர் அதற்கு 'நீரிலிருந்து எடுக்கப்பட்டவன்' என்று தங்கள் மொழியில் பொருள் சொல்லிக்கொண்டார்கள். அதே மோசே அந்நிய தேசத்தில் பிறந்த தன் மகனுக்குக் கெர்சோம் என்று பெயரிட்டார். 'கேர்' என்றால் பிற நாட்டில் தங்கி வாழ்பவன். தன் நிலையை மகனின் பெயரிலேயே எழுதி வைத்த தகப்பன் அவர்.

1787 இல் ஒஸ்திரியப் பேரரசன் இரண்டாம் யோசேப்பு, யூதர் யாவரும் நிலையான குடும்பப் பெயர் வைக்கவேண்டும் எனச் சட்டம் போட்டார். அதுவரை அவர்களில் பலர் தகப்பன் பெயரையே சேர்த்து வழங்கினர். 'பென்' என்றால் மகன். படிவத்தில் குடும்பப் பெயர்க் கட்டத்தில் தகப்பனாரின் பெயரை எழுதிவிட்டு, பிறகு எல்லோரும் எம்மை அப்பாவின் பெயரால் கூப்பிடக் கேட்ட எமக்கு இது புதிதல்ல.

எபிரேயப் பெயர்கள் எம்மூருக்கும் வந்தவைதான். யோவான் என்றால் 'ஆண்டவர் அருளினார்'. எமது கத்தோலிக்க முன்னோர் அதனைப் பொருளறிந்தே அருளப்பர் என்றனர். யாக்கோபு என்ற பெயர் போர்த்துக்கீசர் வாயில் சந்தியாகு ஆகி எம்மிடம் வந்தது. குருநகரின் யாகப்பரும் அவரே. எம்மிடமிருந்து அங்கே போன சொல்லும் உண்டு என்பர். சாலொமோனின் கப்பல்கள் கொண்டுவந்த 'துக்கீம்' எமது 'தோகை' என்றார் கால்டுவெல். அது மயிலல்ல, குரங்கு வகை என்று வாதிடுவோரும் உள்ளனர்.

ஆகவே அம்மா, பெயரை மாற்றுவதும் விடுவதும் உங்கள் வீட்டுத் தீர்மானம். இரண்டு பெயரோடு வாழ்ந்தவர்களும் தம்மை இழந்துவிடவில்லை. ஆனால் தன் பெயரின் பொருளும், அதை யார், ஏன் வைத்தார்கள் என்பதும் மகனுக்குத் தெரிந்திருக்க வேண்டும். அதைத் தெரிந்த பிள்ளை, வகுப்பில் இரண்டு முறை திருத்திச் சொல்லக் கூச்சப்படமாட்டான். எம்மை அகதி என்றார்கள். கதியற்றவர் என்பது அதன் பொருள். கடந்து வந்தவர் என்றும் ஒரு சொல் உண்டு என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லி வைப்போம்.

மீண்டும் அடுத்த மாதம் சந்திப்போம்.