ஆறு அழித்த எல்லை

வரப்பை வெட்டித் தன் வயலோடு சேர்த்துக்கொண்ட அண்டை நிலக்காரர்மீது வழக்குத் தொடுக்கலாம். வரப்பை ஆறே கொண்டுபோய்விட்டால், பின்னர் அதே இடத்தில் எழும் வண்டல் யாருக்கு உரியது? பிகாரிலும் வங்காளத்திலும் கங்கைக்கரை நிலங்களைப் பற்றிய எல்லை வழக்குகள் பல தலைமுறைகளாக இக்கேள்வியைச் சுற்றி வந்துள்ளன.

வங்காள வருவாய்த்துறை வழக்கில் ஆறு விழுங்கிய நிலம் ‘சிகஸ்தி’. மீண்டு எழுந்தது ‘பயஸ்தி’. இரண்டுமே பாரசீக வேர் கொண்ட சொற்கள். முன்னது உடைந்ததைக் குறிக்கும். பின்னது ஒட்டியதைக் குறிக்கும். உடைந்தது எது என்பதில் பெரும்பாலும் ஐயம் எழுவதில்லை. ஒட்டியது எதனோடு என்பதில்தான் வழக்கு.

எல்லைத் தகராற்றைத் தரும சாத்திரங்கள் தனி வழக்கு வகையாகவே எண்ணின. எல்லையில் ஆல், அரசு, பனை முதலிய மரங்களை நடுமாறும், மண் எளிதில் தின்றுவிடாத கரி, எலும்பு, உமி, ஓட்டாஞ்சில்லு போன்றவற்றை மறைவாகப் புதைக்குமாறும் மனுநூலின் 8ஆம் அத்தியாயம் கூறுகிறது. அடையாளங்கள் போதாவிடில் அண்டை ஊரார் சாட்சி சொல்ல வேண்டும். அவர்களும் கிடைக்காதபோது வேடர், இடையர், மீனவர், கிழங்கு தோண்டுவோர், பாம்பு பிடிப்போர் ஆகியோரைக் கேட்கலாம். வருண வரிசையில் அத்தனை கறாரான நூல், எல்லை என்று வந்ததும் பாம்பு பிடிப்பவரின் சொல்லுக்கு இடம் தருவது கவனிக்கத்தக்கது. நிலத்தில் அன்றாடம் நடப்பவருக்கே எல்லை தெரியும் என்னும் நடைமுறை அறிவு அது.

பிற நூல்களில் எடுத்தாளப்பட்ட பகுதிகளாகவே எஞ்சியிருக்கும் பிருகஸ்பதி ஸ்மிருதி ஆற்றையும் கணக்கில் எடுத்துக்கொண்டது. ஓர் ஊரிடமிருந்து பறித்து மற்றோர் ஊருக்கு ஆறு தந்த நிலம், பெற்றவருக்கே உரியது. ஆனால் பயிர் நிற்கும் வயலை வெள்ளம் அறுத்துச் சென்றால் பழைய உடையவர் அதைத் திரும்பப் பெறுவார்.

கிழக்கிந்தியக் கும்பினியின் 1825ஆம் ஆண்டு 11ஆம் ஒழுங்குவிதியும் ஏறத்தாழ இத்தகைய பிரிவினையையே செய்தது. வண்டல் சிறிது சிறிதாகச் சேர்ந்தால், அது ஒட்டிய நிலத்துக்கு உரியவரைச் சேரும். ஆறு திடீரெனத் திசைமாறி, அடையாளம் அழியாத நிலத்தை மறுபுறம் ஒதுக்கினால் பழைய உரிமை தொடரும். ஆனால் மெல்ல மூழ்கி, முற்றிலும் மறைந்து, பின் அதே இடத்தில் மெல்ல எழுந்த நிலத்தை எவ்வகையில் சேர்ப்பது என்பதை விதி தெளிவாகச் சொல்லவில்லை.

அந்த இடைவெளியில்தான் லோபஸ் – மதன் மோகன் தாகூர் வழக்கு வந்து நின்றது. லோபஸின் கரையோர நிலத்தைக் கங்கை விழுங்கி, உள்ளே இருந்த தாகூரின் நிலம்வரை வந்து, பின்னர் பின்வாங்கியது. எழுந்த வண்டல் தம் கரையோடு ஒட்டியிருப்பதால் தமக்கே உரியது என்பது தாகூரின் வாதம். 1870இல் இலண்டன் பிரிவி கவுன்சில் லோபஸின் பக்கம் நின்றது. உடைமை என்பது மேல்மண் அன்று, அந்த இடமே. அதைப் பயிர் மூடினாலென்ன, நீர் மூடினாலென்ன என்பது தீர்ப்பின் சாரம். இடம் இன்னதென்று நிறுவப்பட வேண்டும் என்பது மட்டுமே நிபந்தனை.

அந்த ஒற்றை நிபந்தனை சிறியதன்று. மரமும் வரப்பும் புதைத்த கரியும் ஆற்றோடு போனபின் இடத்தை நிறுவ வரைபடமே எஞ்சுகிறது. 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அமீன்கள் ஊர் எல்லைகளில் மண்மேடுகள் எழுப்பிச் செய்த ‘தாக்’ அளவையின் படங்கள் நீதிமன்றங்களில் பெருமதிப்புப் பெற்றன. அரசு அதிகாரத்தின்கீழ் வரைந்த படம் சரியானது என்றே அனுமானிக்க வேண்டும் என்று 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டம் விதித்தது. ஆனால் தாக் படங்கள் முதன்மையாக ஊர்களின், ஜமீன்களின் எல்லைகளைக் காட்டியவை. உள்ளே உழுத குடியானவரின் வயல் அவற்றில் இல்லை. ஆகவே இரு ஜமீன்தார்களுக்கு இடையே நீதியாக அமைந்த கோட்பாடு, தன் துண்டு நிலம் எங்கிருந்தது என்பதற்கு அண்டை அயலாரின் நினைவை மட்டுமே நம்பிய குடியானவருக்குப் பெரிதும் பயன்படவில்லை. வயல்வாரியான அளவை 1885ஆம் ஆண்டு வங்காளக் குத்தகைச் சட்டத்துக்குப் பின்னரே பரவலாயிற்று. அப்போதும் ஒரு பொறி இருந்தது: மூழ்கிய நிலத்துக்கு வாரத்தைக் குறைக்கக் கேட்டால், நிலத்தையே கைவிட்டதாகப் பொருள் கொள்ளப்படலாம், கேட்காவிடில் தண்ணீருக்கு வாரம் கட்ட வேண்டும். 1938இல் வந்த திருத்தமே, வாரம் குறைக்கப்பட்டாலும் 20 ஆண்டுகளுக்குள் நிலம் எழுந்தால் உரிமை தொடரும் என்றது.

இதற்கிடையே, புதிதாக எழுந்த திட்டில் முதலில் விதைத்தவர் சுவாதீனம் கோரினார். அவரை விரட்ட ஜமீன்தார்கள் ‘லாட்டியால்’ என்னும் தடியடி ஆட்களை அனுப்பினர். உரிமையியல் வழக்கு முடியும்வரை யார் கையில் நிலம் இருப்பது என்பதைக் குற்றவியல் நடுவர் தீர்த்துவைக்கும் ஏற்பாடு, 145ஆம் பிரிவென்று வழக்கறிஞர்கள் நன்கறிந்தது, இத்தகைய மோதல்களுக்கு அன்றாட மருந்தாயிற்று.

1975இல் பராக்கா அணை இயங்கத் தொடங்கியபின் அதன் மேற்புறத்தில் கங்கை மால்டா மாவட்டக் கரையை அரித்து நகர்ந்தது. பஞ்சானந்தபூர் வட்டாரத்தில் ஊர்கள் அழிந்தன. எதிர்ப்புறம் ஜார்க்கண்டை ஒட்டித் திட்டுகள் எழுந்தன. அங்கே குடியேறியவர்களின் கையில் இருந்தவை மேற்குவங்க நில ஆவணங்கள். இடம் பழைய இடமேயாயினும், அதைத் தம் பெயரில் பதிய எந்த மாநிலத்தின் அலுவலகத்துக்குப் போவது என்பதே அவர்களுக்குப் புதிய எல்லைத் தகராறாக அமைந்தது.