ஓடுகள் உரைக்கும் வரலாறு

பண்டைக்கால நாடொன்றின் வரலாற்றை அறிய விரும்புவோர் முதலில் நாடுவன அந்நாட்டார் எழுதிவைத்த நூல்களேயாம். ஆயினும், நூல் செய்தோர் பெரும்பாலும் தலைவர்களின் செயல்களையே போற்றி எழுதினர். உழவனும் குயவனும் கப்பலில் துடுப்பு வலித்தவனும் தம் தலைவரைப் பற்றி என்ன எண்ணினர் என்பதை அந்நூல்கள் அரிதாகவே கூறுகின்றன. கிரேக்க நாட்டின் ஏதென்ஸ் நகரம் இவ்வகையிற் பேறு பெற்றது. அந்நகரத்துப் பொதுமக்கள் தம் கையாலேயே எழுதிய எழுத்துக்கள் உடைந்த மட்பாண்ட ஓடுகளில் இன்றும் நிலைத்துள்ளன. மட்பாண்டம் உடைதல் எளிது. உடைந்த ஓடு அழிதலோ அரிது.

அவ்வோடுகள் எழுதப்பட்ட காரணத்தை முதற்கண் அறிதல் வேண்டும். கி. மு. 510இல் ஹிப்பியாஸ் என்னும் கொடுங்கோலன் ஏதென்ஸிலிருந்து துரத்தப்பட்டான். அதனையடுத்துக் குடியாட்சிச் சீர்திருத்தங்களைச் செய்த கிளைஸ்தெனிஸ் என்பவரே, தனியொருவர் மீண்டும் தலையெடுத்து ஆட்சியைக் கவராதபடி ஒரு காவலை ஏற்படுத்தினார் என்பர். ஆண்டுதோறும் ஒருமுறை, எவரையேனும் நாட்டைவிட்டு விலக்குதல் வேண்டுமா என மக்களவையில் வினவப்படும். வேண்டுமென மக்கள் முடிவு செய்தால், பின்னர் குறித்த நாளில் அவர்கள் சந்தை வெளியிற் கூடி, தாம் விலக்க விரும்புபவரின் பெயரை ஓட்டிற் கீறி இடுவர். குறைந்தது 6,000 ஓடுகள் சேர்தல் வேண்டும். அஃது எல்லா ஓடுகளின் தொகையா, ஒருவர்மீது விழுந்த தொகையா என்பதிற் பழைய ஆசிரியர்கள் வேறுபடுகின்றனர். விலக்கப்பட்டவர் பத்து நாட்களுள் நாட்டைவிட்டு நீங்கிப் பத்து ஆண்டுகள் வெளியே வாழ்தல் வேண்டும். அவர்மீது குற்றச்சாட்டும் இல்லை, விசாரணையும் இல்லை. அவருடைய சொத்தும் குடியுரிமையும் பறிக்கப்படமாட்டா. கிரேக்க மொழியில் ஓட்டிற்கு ‘ஒஸ்ட்ராக்கோன்’ என்று பெயர். அதனால் இம்முறை ‘ஒஸ்ட்ராக்கிஸ்மொஸ்’ எனப்பட்டது.

அரிஸ்டோட்டிலின் பெயரால் வழங்கும் ‘ஏதெனியர் அரசமைப்பு’ என்னும் நூல், கி. மு. 487இல் முதன்முதலாக விலக்கப்பட்டவர் கொடுங்கோலனின் உறவினரான ஹிப்பார்க்கொஸ் எனக் கூறுகின்றது. பின்னர் மெகாக்கிளிஸ், பெரிக்கிளிஸின் தந்தையாகிய சாந்திப்பொஸ், நேர்மையாளர் எனப் புகழ்பெற்ற அரிஸ்டைடிஸ் ஆகியோரும் விலக்கப்பட்டனர். அரிஸ்டைடிஸைப் பற்றிப் புளூட்டார்க் கூறும் கதை பலரும் அறிந்ததே. எழுத்தறியாத ஒருவன், அருகில் நிற்பவர் யாரென அறியாமல், அவரிடமே தன் ஓட்டைக் கொடுத்து அரிஸ்டைடிஸின் பெயரை எழுதுமாறு வேண்டினான். அவர் செய்த தீங்கு யாதென வினவியபோது, அவரை எங்கும் ‘நேர்மையாளர்’ எனப் புகழக் கேட்டுச் சலித்துவிட்டதாக அவன் கூறினான். அரிஸ்டைடிஸ் மறுமொழி கூறாது தம் பெயரை எழுதிக் கொடுத்தார்.

இவையனைத்தும் நூல்களின் கூற்று. நிலம் கூறியது யாது? 1931ஆம் ஆண்டு தொடக்கம் அமெரிக்க அறிஞர்கள் ஏதென்ஸின் பழைய சந்தை வெளியை அகழ்ந்து, ஆயிரத்துக்கு மேற்பட்ட பெயர் கீறிய ஓடுகளை எடுத்தனர். 1960ஆம் ஆண்டுகளின் பிற்பகுதியில் ஜெர்மானிய அறிஞர்கள், குயவர் சேரியாகவும் இடுகாடாகவும் விளங்கிய கெராமைக்கொஸ் பகுதியில் ஏறத்தாழ 8,500 ஓடுகளைக் கண்டனர். நூல்களிற் கூறப்பட்ட பெயர்கள் பல இவ்வோடுகளிற் காணப்படுவதால், அந்நூல்கள் இவ்வகையிற் பொய்யுரைக்கவில்லை என்பது உறுதியாயிற்று.

ஆனால் ஓடுகள் நூல்களுக்குச் சான்று பகர்வதோடு அமையவில்லை. நூல்கள் கூறாதவற்றையும் கூறுகின்றன. ஒருவரைத் தந்தை பெயராலன்றி அவர் பதிவு பெற்ற ஊர்ப்பகுதியின் பெயரால் அழைத்தல் வேண்டுமென்பது கிளைஸ்தெனிஸின் நோக்கம் என அரசமைப்பு நூல் கூறும். ஓடுகளிலோ தந்தை பெயர் மிகுதியாக வருகின்றது. சட்டம் ஒரு நாளில் மாறலாம். மக்களின் வழக்கம் அவ்வாறு மாறுவதில்லை என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை. எழுத்துப் பிழைகளும் திருத்தங்களும் கொண்ட ஓடுகள், எழுதிப் பழகாத கைகளும் அரசியலிற் பங்குகொண்டன என்பதைப் புலப்படுத்துகின்றன.

சந்தை வெளியிற் கிடைத்த ஓடுகளுள் நூற்றுக்கணக்கானவற்றில் அரிஸ்டோனிமொஸின் மகன் கல்லிக்செனொஸ் என்பவரின் பெயர் உள்ளது. ஓர் ஓடு அவரைத் துரோகி எனவும் இகழ்கின்றது. அத்துணை மக்களின் பகையைப் பெற்ற அம்மனிதரைப் பற்றி வரலாற்று நூல்கள் ஒரு சொல்லும் கூறவில்லை. கெராமைக்கொஸ் ஓடுகளுட் சில, கல்லியாஸ் என்பவரைப் பாரசீகர்பக்கம் சேர்ந்தவர் எனப் பழிக்கின்றன. அவற்றுள் ஒன்றிற் பாரசீக வில்லாளனின் உருவம் கீறப்பட்டுள்ளது. மனிதர் எவர் பெயரையும் எழுதாது, பசியையே நாடுகடத்த வேண்டுமென எழுதியவர்களும் உளர். அது நகைச்சுவையோ, வயிற்றின் முறையீடோ, எழுதியவரே அறிவர்.

ஓடுகளைப் பொருத்திப் பார்க்கும் முறையினாலும் அறிஞர்கள் உண்மை கண்டனர். கெராமைக்கொஸ் தொகுதியில் மெகாக்கிளிஸின் பெயர் மட்டும் நாலாயிரத்துக்கு மேற்பட்ட ஓடுகளில் உள்ளது. ஒரே பாண்டத்தின் துண்டுகளில் ஒன்று ஒருவர் பெயரையும், அதனோடு பொருந்தும் பிறிதொன்று மற்றொருவர் பெயரையும் தாங்கி நிற்றலால், அவை ஒரே நாளில் எழுதப்பட்டவை எனக் கொள்ளலாம். இவ்வாறு ஆராய்ந்தோர் பலர், இத்தொகுதியிற் பெரும்பகுதி கி. மு. 471 அளவில் நிகழ்ந்த வாக்கெடுப்பிற்குரியது எனக் கருதுகின்றனர். மெகாக்கிளிஸ் இருமுறை விலக்கப்பட்டார் என்னும் செய்தி லிசியாஸின் சொற்பொழிவொன்றில் வருகின்றது. முன்னர் ஐயத்திற்கிடமாயிருந்த அச்செய்தி இதனால் வலுப்பெற்றது.

இனி, யாவற்றினும் சிந்தனையைத் தூண்டும் கண்டுபிடிப்பு ஒன்றுண்டு. 1937இல் ஆஸ்கார் புரோனீர் என்னும் அறிஞர் அக்ரோபொலிஸ் குன்றின் வடசரிவிலுள்ள பழைய கிணறொன்றில் ஏறத்தாழ 190 ஓடுகளைக் கண்டெடுத்தார். அவற்றில் தெமிஸ்டோக்கிளிஸ் என்னும் ஒரு பெயரே மீண்டும் மீண்டும் எழுதப்பட்டிருந்தது. கையெழுத்துக்களை ஒப்புநோக்கியபோது, அவற்றை எழுதியோர் பதினால்வரே எனத் தெரியவந்தது. லோரியன் சுரங்கத்து வெள்ளியைக் கொண்டு கப்பற்படை அமைக்கச் செய்து, கி. மு. 480இற் சலமிஸ் கடற்போரிற் பாரசீகரை வென்று நகரைக் காத்தவர் தெமிஸ்டோக்கிளிஸ். அவரை விலக்குதற்கு அவருடைய பகைவர்கள் ஓடுகளை முன்னரே எழுதி வைத்து, மக்களுக்கு வழங்க ஆயத்தமாயிருந்தனர் போலும். எழுத்தறியாதார்க்கு உதவும் பொருட்டே அவை எழுதப்பட்டன எனக் கூறுவாரும் உளர். எவ்வாறாயினும், வாக்கைத் திரட்டுவோர் கூட்டம் குடியாட்சியின் தொடக்கத்திலேயே தோன்றிவிட்டது என்பதை மறுத்தல் இயலாது. சலமிஸ் வீரர் சில ஆண்டுகளின்பின் விலக்கப்பட்டு, இறுதியில் தாம் வென்ற பாரசீகரின் ஆட்சிக்குட்பட்ட மக்னீசியாவில் உயிர் நீத்தார்.

இம்முறையின் முடிவும் இதனோடு ஒத்ததே. கி. மு. 417க்கும் 415க்கும் இடையில் நிகழ்ந்த வாக்கெடுப்பில், ஒருவரையொருவர் விலக்க முயன்ற நிக்கியாஸும் அல்கிபியாடிஸும் இரகசியமாகக் கூடி, தம் ஆதரவாளரின் ஓடுகளை ஹிப்பெர்பொலொஸ் என்பவர்மீது திருப்பிவிட்டனர். அதன்பின் ஏதெனியர் எவரையும் ஓடு கொண்டு விலக்கவில்லை. கொடுங்கோன்மைக்கு அஞ்சி அமைத்த காவல், கட்சியினரின் சூழ்ச்சிக்குக் கருவியானவுடன் மதிப்பிழந்தது.

எனினும், ஓடுகளைக் கண்டு குடியாட்சியை இகழ்தல் தகாது. தலைவனை நீக்குதற்கு வாளையன்றி ஓட்டை ஏந்திய மக்கள் அவர்கள். குருதி சிந்தாது, உடைமை பறிக்காது, பத்தாண்டின்பின் திரும்பிவர வழிவைத்தே விலக்கினர். அரிஸ்டைடிஸைப் பாரசீகப் படையெடுப்பு நெருங்கியபோது காலம் முடியுமுன்னரே திரும்ப அழைத்தனர். அம்மக்களின் அறிவும் அறியாமையும், நன்றியும் நன்றி மறத்தலும் ஒருங்கே அவ்வோடுகளிற் பதிந்துள்ளன. நூல்கள் தலைவர்களின் முகங்களைக் காட்டுகின்றன. ஓடுகள் அவர்களை உயர்த்தியும் தாழ்த்தியும் வைத்த கைகளைக் காட்டுகின்றன. இரண்டையும் ஒருங்கே கற்பவரே ஏதென்ஸின் வரலாற்றை முழுமையாகக் கற்றவராவர்.