பேர் எழுதாத கசெற்: எங்கட கதைகள் ஊடகம் மாறின கதை

போன வருசம் எங்கட குழுவில ஒராள் வீட்டு அலுமாரிக்குள்ள கிடந்த ஒரு பழைய கசெற்றைக் கொண்டுவந்தா. மேல நீலப் பேனையால "றேடியோ நாடகம்" என்று மட்டும் எழுதியிருந்தது. ஓடவிட்டுக் கேட்டம். ஒரு வீடு, ஒரு காணிப் பிரச்சினை, வெளிநாடு போக நிற்கிற மகன். நல்ல நாடகம். இதைக் குறும்படமாக எடுப்பமோ, இல்லாட்டி நாங்களே திரும்ப நடிச்சு பொட்காஸ்டாகப் போடுவமோ என்று கதைச்சம். ஆனால் எழுதினது ஆர்? நடிச்சது ஆர்? எந்த வருசம்? பதிவு தொடங்கும்போதே முதல் காட்சி பாதியில் போய்க்கொண்டிருக்கிறது. கடைசியில் பேர்கள் வாசிக்க முதலே நாடா முடிஞ்சு போச்சு. ஆரிட்ட அனுமதி கேட்கிறது என்றே தெரியாமல் அந்த வேலை இன்னும் அப்பிடியே நிற்கிறது.

அந்தக் கசெற்தான் எங்களை இந்த வரலாற்றைத் தேட வைத்தது.

இன்றைக்கு எல்லாரும் ஊடக ஒருங்கிணைவு பற்றிக் கதைக்கினம். புத்தகம், வானொலி, சினிமா, ரீவி என்று தனித்தனியாக இருந்தவை எல்லாம் ஒரே போனுக்குள்ள வந்து சேர்ந்திருக்கிறதைத்தான் அப்படிச் சொல்கிறார்கள். அதனால் கதை சொல்கிற முறையும், ஒரு கதையை இன்னொரு வடிவத்துக்கு மாற்றுகிற முறையும் மாறுகின்றன என்பது உண்மைதான். ஆனால் கதைகள் ஊடகம் விட்டு ஊடகம் தாவுவது இண்டர்நெட்டோடு தொடங்கினதில்லை. எங்கட நாட்டுத் தமிழ்க் கலைஞர்கள் இதை 1970களிலேயே செய்திருக்கிறார்கள், அதுவும் மிகக் குறைந்த வசதியோடு.

கொழும்பில் வானொலி ஒலிபரப்பு தொடங்கியது 1925இல். 1949இல் அது றேடியோ சிலோன் ஆனது, 1967இல் இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் ஆனது. அந்தக் கூட்டுத்தாபனத்தின் தமிழ்ச் சேவையில் எஸ். ராம்தாஸ் எழுதிய 'கோமாளிகளின் கும்மாளம்' என்ற நகைச்சுவைத் தொடர் பெரும் புகழ் பெற்றது. அதன் பலம் முழுக்கப் பேச்சிலதான் இருந்தது. மரிக்கார் முஸ்லிம் மக்களின் பேச்சு வழக்கில் கதைப்பார். அப்புக்குட்டி யாழ்ப்பாணத் தமிழ். உபாலி சிங்களவர் தமிழ் பேசுகிற மாதிரி. ஐயர் பிராமணத் தமிழ். முகம் தெரியாத ஊடகத்தில் ஆள் ஆர் என்று குரல்தான் காட்டவேண்டும், அதுக்கு இந்த வழக்குகள் நல்ல வசதி. அதைவிட, இந்த நாட்டில் தமிழ் எத்தனை விதமாகப் பேசப்படுகிறது என்பதையும் அந்தத் தொடர் சிரிக்கச் சிரிக்கக் காட்டியது. 1976இல் அது 'கோமாளிகள்' என்ற படமானது. அதுவரை காதால் மட்டும் தெரிந்திருந்த மரிக்காருக்கும் அப்புக்குட்டிக்கும் அப்போதுதான் திரையில் முகம் வந்தது.

அதே காலத்தில் நாவலும் திரைக்குப் போனது. இதற்குப் பின்னால் அரசியல், பொருளாதாரக் காரணங்களும் இருந்தன. 1970களின் தொடக்கத்தில் தென்னிந்தியச் சஞ்சிகைகளின் இறக்குமதிக்குக் கட்டுப்பாடு வந்தது. 1972இல் அமைந்த அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் படங்களின் இறக்குமதியைத் தன் கையில் எடுத்தது. தட்டுப்பாடு சிரமம்தான், ஆனால் உள்ளூர் எழுத்துக்கு இடம் கிடைத்தது. வீரகேசரி நிறுவனம் உள்ளூர் நாவல்களைத் தொடர்ந்து வெளியிட்டது. அப்படி வந்தவற்றில் ஒன்று செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று'. வாடைக் காலத்தில் தீவுக் கடற்கரைக்கு வந்து வாடி போட்டு மீன் பிடிக்கிற ஆக்களின் கதை. 1978இல் பிரேம்நாத் மொறாயஸ் இயக்கத்தில் அது படமாக வந்தது. எழுத்தில் படித்த காற்றும் கடலும் திரையில் தெரிந்தன. படத்தின் பாட்டுகள் திரும்பவும் வானொலிக்குப் போய், தியேட்டருக்குப் போகாத ஆக்களிடமும் சேர்ந்தன.

'வாடைக்காற்று' படத்தில் நடித்தவர்களில் ஒருவர் கே. எஸ். பாலச்சந்திரன். அவரின்ர 'அண்ணை றைற்' தனிநடிப்பைப் பற்றிச் சொல்லாமல் இந்த வரலாற்றை முடிக்க ஏலாது. ஒரு பஸ் கொண்டக்டர், நிரம்பி வழிகிற பயணிகள், ஏறுகிறவர்களோடயும் இறங்குகிறவர்களோடயும் ஓயாத வாக்குவாதம். மேடையில் நிற்பது ஒரு மனுசன் மட்டும்தான், ஆனால் பஸ் முழுக்க ஆக்கள் இருக்கிற மாதிரி இருக்கும். இது மேடையில் இருந்து வானொலிக்குப் போனது, பிறகு கசெற்றாகியது. ஊரைவிட்டுப் போன ஆக்களோட அதுவும் வெளிநாடு போனது. பாலச்சந்திரனும் கனடாவுக்குப் போய், 2014இல் அங்கேயே காலமானார். நாங்கள் பிறந்து வளர்ந்து அதைக் கேட்டது யூடியூபில.

இந்த மூன்றையும் பக்கத்தில பக்கத்தில வைத்துப் பார்த்தால் ஒரு விசயம் தெரியும். கதை எவ்வளவு நல்லது என்பது அது மிஞ்சுமா என்பதைத் தீர்மானிக்கவில்லை. எத்தனை பேரிட்ட பிரதி இருந்தது என்பதுதான் தீர்மானித்தது. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது 97,000 அளவிலான நூல்கள் அழிந்தன. 1983 ஜூலையில் ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது, அங்கிருந்த படச் சுருள்களும் போயின. ஒரு படத்துக்குச் சில பிரதிகள்தான் இருக்கும். ஓரிடத்தில் வைத்தால் ஓரிடத்திலேயே அழியும். கசெற் அப்படியில்லை. பொருளாதாரத் தடை இருந்த 90களில், கரண்டும் இல்லை, பற்றியும் இல்லை என்ற நிலையில், சைக்கிளைக் கவிட்டு வைத்து, பெடலைக் கையால சுத்தி, டைனமோவில றேடியோ கேட்ட கதையை எங்கட வீட்டுப் பெரியாக்கள் இன்றைக்கும் சொல்லுவினம். அந்த நிலைமையிலும் கேட்கவேணும் என்ற ஆசை இருந்தபடியால்தான் எங்கட அலுமாரிகளில் இன்னும் கசெற் கிடக்கிறது.

டிஜிட்டல் காலம் இதில் பெரிய உதவி செய்திருக்கிறது. 2005இல் தொடங்கிய நூலகம் இணைய நூலகத்தில் ஈழத்து நூல்களும் சஞ்சிகைகளும் ஸ்கான் பண்ணி வைக்கப்பட்டிருக்கின்றன. வவுனியாவில் இருந்துகொண்டும் வாசிக்கலாம், டொரொண்டோவில் இருந்துகொண்டும் வாசிக்கலாம். ஒரு நாவலைப் படமாக்க நினைக்கிற பெடியனுக்கோ பெட்டைக்கோ முதல் தேவை அந்த நாவல் கையில் கிடைப்பது. அது இப்போது நடக்கிறது.

ஆனால் இன்னொரு பக்கமும் இருக்கு. முந்தி ஒரு கதை ஊடகம் மாறவேண்டும் என்றால் ஒராள் இருந்து அதைத் திரும்ப எழுதவேண்டும். குரலுக்கு முகம் தேடவேண்டும், பக்கங்களைக் காட்சியாக்கவேண்டும், எதை விடுவது என்று முடிவெடுக்கவேண்டும். இப்போது வெட்டி ஒட்டினாலே அது இன்னொரு ஊடகத்துக்குப் போய்விடும். அரைமணித்தியால நாடகத்தில் முப்பது செக்கன் சிரிப்பு மட்டும் றீல்ஸில வரும். வட்ஸ்அப்பில வருகிற குரல்பதிவில் எழுதினவரின் பேர் இருக்காது. பகிடி ஊரெல்லாம் சுத்தும், ஆனால் அந்தப் பகிடி எந்த வாழ்க்கையில் இருந்து வந்தது என்பது தெரியாது. எங்கட தாத்தாமார் முழு நாடகத்தைக் கேட்டுவிட்டுப் பிறகு ஒரு வசனத்தைச் சொல்லிச் சிரித்தார்கள். நாங்கள் வசனத்தில் தொடங்கி, முழு நாடகத்தை எட்டாமலே நின்றுவிடுகிறோம்.

கடலுக்கு அந்தப் பக்கம் பார்த்தால் வேறு மாதிரி ஒரு வரலாறு இருக்கு. கல்கியின் 'பொன்னியின் செல்வன்' 1950 முதல் 1954 வரை வாரத் தொடராக வந்தது. ஆக்கள் பக்கங்களைக் கிழித்தெடுத்து பைண்ட் பண்ணி வைத்தார்கள். புத்தகமாகப் பல பதிப்புகள் வந்தன. கல்கியின் எழுத்துகள் நாட்டுடைமையான பிறகு இணையத்தில் எழுத்தாகவும், ஒலிநூலாகவும், மேடை நாடகமாகவும், சித்திரக்கதையாகவும் வந்தன. 2022இலும் 2023இலும் மணிரத்னத்தின் இரண்டு படங்கள் வந்தபோது, நாவலைத் தொடாத ஆக்கள்கூட யூடியூபில கதை கேட்டுவிட்டுத் தியேட்டருக்குப் போனார்கள். மணிமேகலை பாத்திரத்தை ஏன் விட்டார்கள் என்று சண்டை பிடிக்கவும் முடிந்தது, ஏனென்றால் மூலம் எல்லாரிட்டயும் இருந்தது. தழுவல் நல்லதோ கூடாததோ என்று கதைக்க மூலம் கையில் இருக்கவேணும். எங்கட பல படைப்புகளுக்கு அந்த வாய்ப்பே இல்லாமல் போய்விட்டது.

அதனால்தான் புதுக் கதை செய்வதும் பழையதைச் சேமிப்பதும் எங்களுக்கு ஒரே வேலையாகத் தெரிகிறது. மூலம் இல்லாமல் தழுவல் இல்லை, பேர் இல்லாமல் அனுமதியும் இல்லை, மரியாதையும் இல்லை. இணையத்தில் போட்டாச்சு, இனிப் பயமில்லை என்று இருக்கவும் ஏலாது. ஒரு கணக்கு முடக்கப்பட்டால் அதில் இருந்ததெல்லாம் ஒரே நாளில் போகும். அதுவும் ஒரே இடத்தில் வைத்த பிரதிதான்.

எங்கட குழுவில இப்ப ஒரு வழக்கம் வைத்திருக்கிறம். எந்தப் பழைய பதிவு கிடைத்தாலும் டிஜிட்டலாக்கி மூன்று இடத்தில் வைக்கிறம். கோப்போட சேர்த்து எழுதினவர், நடித்தவர்கள், வருசம், எந்த வீட்டில கிடைத்தது எல்லாத்தையும் எழுதி வைக்கிறம். தெரியாத இடத்தில் "தெரியாது" என்றே எழுதுகிறம். அந்த நீலப் பேனைக் கசெற்றின்ர கோப்பில் இன்னும் நாலு "தெரியாது" இருக்கு. காணிப் பிரச்சினை, வெளிநாடு போக நிற்கிற மகன், கடைசியில் தாய் படலையடியில் நிற்கிற காட்சி. இப்படி ஒரு றேடியோ நாடகம் உங்கட அம்மாவுக்கோ பெரியப்பாவுக்கோ ஞாபகம் இருக்கோ என்று ஒருக்கா கேட்டுப் பாருங்கோ. எழுதினவரின்ர பேர் கிடைத்தால், அதைப் போட்டுத்தான் படம் தொடங்குவம்.