தீனியும் கூண்டும்: கிருஷ்ணன்கோவில் மலையடிவாரத்து நாட்டுக்குரங்குகள்

மதுரை–கொல்லம் சாலையில் கிருஷ்ணன்கோவிலைக் கடக்கும்போது மேற்கே தெரியும் மலைத்தொடர், 2021 பிப்ரவரியில் அறிவிக்கப்பட்ட ஸ்ரீவில்லிபுத்தூர்–மேகமலை புலிகள் காப்பகத்தைச் சேர்ந்தது. பரப்பு ஏறத்தாழ 1,016 சதுர கிலோமீட்டர். நரையணிலுக்காக 1988இல் ஒதுக்கிய சரணாலயம் இதற்குள் அடங்கிவிட்டது. இம்மலையின் உயரமான சோலைகளில் சோலைமந்தியும் கருமந்தியும் வாழ்கின்றன. அடிவாரத்திலும் ஊர்களிலும் நாட்டுக்குரங்கு வாழ்கிறது. முன்னவற்றை அரிய உயிர்கள் என்று போற்றுகிறோம். நாட்டுக்குரங்கை மட்டும் ‘தொல்லை’ என்கிறோம். அந்தத் தொல்லையை வளர்த்தது நாம் போட்ட தீனி. அதைத் தீர்க்க நாம் வைக்கும் கூண்டு, செய்த தவற்றைப் பெரிதாக்குகிறது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

சதுரகிரி மலைக்கோவிலுக்கு அமாவாசை, பௌர்ணமி நாள்களில் திரளும் பக்தர்களும், செண்பகத்தோப்புக்கும் இராஜபாளையம் அய்யனார் கோவில் அருவிக்கும் வருவோரும் குரங்கைக் கண்டால் பழமோ பொரியோ பிஸ்கட்டோ நீட்டுவது வழக்கம். ஆஞ்சநேயருக்குப் படைப்பதாகவே பலர் எண்ணுகிறார்கள். அந்தப் பக்தியை நான் குறைத்துப் பேசவில்லை. ஆனால் விளைவு வேறு. காட்டில் ஆலம்பழம், அத்தி, கொழுந்து, பூச்சி என்று நாளின் பெரும்பகுதியை இரைதேடிக் கழிக்கும் விலங்கு இது. மனிதக் கை அதைவிட எளிய இரை என்று ஒருமுறை அறிந்தால், கூட்டத்தின் குட்டிகளும் அதைப் பார்த்தே பழகும். கர்நாடகத்தின் பந்திப்பூரில் அனிந்திய சின்ஹாவும் உடன் ஆய்வாளர்களும் 2018இல் வெளியிட்ட ஆய்வு, இக்குரங்குகள் உணவு கேட்பதற்கென்றே கையை நீட்டி, தனிக் குரல் எழுப்பி மனிதரை அழைப்பதைப் பதிவுசெய்தது. இன்று கையேந்தும் குரங்கு, நாளை ஒன்றும் கிடைக்காவிட்டால் பையைப் பறிக்கும். குற்றம் அதனுடையதா?

தீனி என்ன செய்யும் என்பதற்கு ஜப்பான் ஒரு சான்று. அங்கே தக்காசாக்கியாமா மலையில் 1950களின் தொடக்கத்தில், வயல்களை அழித்த குரங்குகளை ஓரிடத்தில் நிறுத்த உணவு வைத்தார்கள். சுற்றுலா செழித்தது, குரங்குகளும் பன்மடங்கு பெருகின. பின்னர் உணவைப் படிப்படியாகக் குறைக்க வேண்டியதாயிற்று.

தீனி ஒருபுறம் இருக்க, மரம் மறுபுறம். தென்னிந்தியச் சாலைகளின் இருமருங்கும் நின்ற ஆலும் புளியும் இக்குரங்குகளுக்கு இரையும் இரவுத் தங்கலும் தந்தவை. சாலை அகலமாகும்போது முதலில் விழுபவை அவைதாம். மைசூருப் பகுதியில் ஆய்வாளர் மேவா சிங்கும் மற்றவர்களும் பல்லாண்டுகளாகச் செய்த கணக்கெடுப்புகள், சாலையோரக் கூட்டங்கள் பெரிதும் குறைந்ததைக் காட்டின. வடக்கிலிருந்து ரீசஸ் குரங்கு இறங்கி நாட்டுக்குரங்கின் இடத்தைப் பிடித்துவருவதை 2011இல் மற்றோர் ஆய்வு எடுத்துரைத்தது. தீபகற்ப இந்தியாவுக்கு வெளியே இயற்கையாக எங்கும் இல்லாத நாட்டுக்குரங்கை 2020இல் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அழியும் வாய்ப்புள்ளவற்றுள் சேர்த்தது. ஊரில் கண்ணில் படுவதால் ஏராளம் என்று நினைத்துவிடுகிறோம்.

ஊரார் புகார் கொடுத்தால் கூண்டு வைத்துப் பிடித்து மலையில் விடுவது நம் வழக்கமான தீர்வு. ஆனால் பெண் குரங்குகள் பிறந்த கூட்டத்திலேயே தாய், சகோதரிகளுடன் வாழ்நாளைக் கழிப்பவை. கூண்டில் சிக்கியவற்றை மட்டும் கொண்டுபோகும்போது அந்த உறவு அறுபடுகிறது. விடப்பட்ட இடத்தில் ஏற்கெனவே வேறு கூட்டம் இருக்கும். சண்டையில் தோற்றவை பக்கத்து ஊருக்குத்தான் இறங்கும். ஊரில் தொற்றிய நோய் சோலைமந்திக்கும் கருமந்திக்கும் பரவக்கூடும் என்பது இன்னும் பெரிய அச்சம். 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி நாட்டுக்குரங்கு வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கிறது. முதன்மை வனஉயிரினக் காப்பாளரின் எழுத்துமூல அனுமதி இல்லாமல் அதைப் பிடிப்பது குற்றம்.

மா, தென்னை வைத்திருக்கும் அடிவார விவசாயியின் இழப்பு உண்மையானது. காய்ப்புக் காலத்தில் பறிபோகும் மாங்காயை அறநெறி பேசி ஈடுகட்ட முடியாது. சமூகம் முழுவதும் சேர்ந்து போட்ட தீனியின் விலையை அவர் ஒருவர் தலையில் சுமத்துவது அநீதி. குரங்கு தின்ற விளைச்சலுக்கும் யானை மிதித்த பயிருக்குப் போலவே தாமதமின்றி இழப்பீடு கிடைக்க வேண்டும். கோவில், அருவி வாசல்களில் குரங்கு திறக்க முடியாத மூடியுடன் குப்பைத்தொட்டி வேண்டும். சாலைக்காக வெட்டிய ஆலுக்கும் புளிக்கும் ஈடாக அதே மரங்களை, ஊருக்கும் சாலைக்கும் விலகி, அடிவாரப் புறம்போக்கில் நட வேண்டும். மலைக்கு வருவோரிடம் ஒரே வேண்டுகோள்: கொண்டுவந்த உணவைக் குரங்குக்குக் கொடுக்காதீர்கள்.